லெகோ கேம்: எந்த வகை யாருக்கு, எங்கிருந்து தொடங்குவது – முழுமையான வழிகாட்டி

பெட்டியின் மேல் லெகோ என்று போட்டிருந்தால் உள்ளே கட்டை அடுக்கும் விளையாட்டுதான் இருக்கும் என்று நம்பி வாங்குகிறவர்கள்தான் அதிகம். மண்டபம், உச்சிப்புளி, கீழக்கரை பக்கம் தெரிந்த வீடுகளில் பிள்ளைகளுக்கு இந்தக் கேம்களை ஏற்றிக் கொடுத்துப் பக்கத்தில் உட்கார்ந்து பார்த்ததில் திரும்பத் திரும்ப நடப்பது இதுதான்: பையனுக்குக் கட்ட ஆசை, வீட்டில் வாங்கித் தருவதோ ஓடிக் குதித்து அடிக்கிற கேம், அதில் கட்டுவது என்றால் ஒரு பொத்தானை அழுத்திப் பிடிப்பதோடு முடிந்தது. கொஞ்ச நாளில் கன்ட்ரோலர் அலமாரிக்குப் போய்விடும்.

லெகோ என்பது தோற்றம். அந்தத் தோற்றத்துக்குள் சாகசம், புதிர், ரேஸ், சர்வைவல், பார்ட்டி என்று ஒன்றுக்கொன்று சம்பந்தமில்லாத வகைகள் இருக்கின்றன. அதனால் முதலில் கருவி, அடுத்து ஆட்கள், அப்புறம் வகை, கடைசியில்தான் கேமின் பெயர். இந்த வரிசையைத் தலைகீழாகச் செய்வதில்தான் பாதிப் பணம் வீணாகிறது.

1. வீட்டில் என்ன கருவி இருக்கிறது

லேப்டாப் என்றால் மூன்றைக் குறித்துக்கொள்ளுங்கள்: ரேம் எவ்வளவு, தனி கிராஃபிக்ஸ் கார்டு உண்டா, டிஸ்க்கில் காலி இடம் எவ்வளவு. 2022-ல் வந்த 'லெகோ ஸ்டார் வார்ஸ்: ஸ்கைவாக்கர் சாகா'வுக்கு 8 ஜிபி ரேமும் 40 ஜிபி இடமும் வேண்டும், தனி கார்டும் வேண்டும். அரசு கொடுத்த லேப்டாப்பிலோ ஆபீஸ் லேப்டாப்பிலோ அது ஓடாது. ஆனால் அதே தொடரின் 2007 கேமான 'தி கம்ப்ளீட் சாகா' அவற்றில் பெரும்பாலானவற்றில் ஓடும். பழையது என்பதால் ஒதுக்க வேண்டாம், இந்த வகையில் பழையவை இன்னும் நன்றாகவே இருக்கின்றன.

பிளேஸ்டேஷன் என்றால் டிஸ்க் போடும் வாய் இருக்கிறதா என்று பாருங்கள். வளைகுடாவிலிருந்து மாமா டிஸ்க் வாங்கி வருவார், வீட்டில் இருப்பது டிஜிட்டல் எடிஷனாக இருக்கும். டிஸ்க் எந்த நாட்டில் வாங்கினாலும் இங்கே ஓடும். துபாயில் வாங்கிய ரீடீம் கோடு (டிஸ்க் இல்லாமல் கேமை இறக்கத் தட்டும் எண்) மட்டும் இந்தியக் கணக்கில் ஏறாது. கூடுதலாக வாங்கும் கேரக்டர் பேக்குகளும் டிஸ்க்கின் நாட்டோடு ஒத்துப்போக வேண்டும். வெளிநாட்டிலிருந்து வருகிறவரிடம் இதை முன்கூட்டியே சொல்லிவிட்டால் அவருக்கும் வீண் செலவில்லை.

அடுத்தது டவுன்லோடு. தினமும் ஒன்றரை ஜிபி, இரண்டு ஜிபி தரும் மொபைல் பேக்கில் 40 ஜிபியை இழுக்க உட்கார்ந்தால் மாதம் போய்விடும். ராமநாதபுரத்தில் ஃபைபர் இணைப்பு உள்ள நண்பர் வீட்டுக்கு லேப்டாப்பைக் கொண்டுபோய் இறக்கிக்கொண்டு வருவதுதான் எளிது. நண்பரிடம் அதே கேம் ஏற்கெனவே இருந்தால் இன்னும் நல்லது: கம்ப்யூட்டர் கேம் விற்கும் இணையக் கடையான ஸ்டீமில் ஒரே வைஃபையில் இருக்கும் இரண்டு கம்ப்யூட்டருக்கு இடையே ஃபைலை மாற்றும் வசதி உண்டு, அதற்கு இணைய டேட்டா பெரிதாகச் செலவாகாது.

கடலோரத்தில் இன்னொன்று. உப்புக்காற்று யுஎஸ்பி வாய்களைச் சீக்கிரம் பூக்கவைத்துவிடும். கன்ட்ரோலரை ஜன்னல் ஓரம் போடாமல், விளையாடி முடித்ததும் மூடி போட்ட டப்பாவில் வைத்தால் கூட இரண்டு வருஷம் உழைக்கும்.

2. யார் யார் உட்காரப் போகிறார்கள்

தனியாகவா, பக்கத்தில் ஒருவரோடா, வேறு ஊரில் இருக்கும் ஒருவரோடா? இந்த மூன்றுக்கும் வேறு வேறு கேம். பலர் தடுக்கி விழுவது இங்கேதான். லெகோ சாகசக் கேம்களில் பெரும்பாலானவை ஒரே டிவி முன்னால் இரண்டு பேர் விளையாடுவதற்குத்தான், ஆன்லைனில் சேர்ந்து விளையாட முடியாது. ஸ்கைவாக்கர் சாகாவும் அப்படியே. சென்னையில் படிக்கிற அண்ணனோடு விளையாடலாம் என்று வாங்கினால் ஏமாற்றம்தான். ஸ்டீமில் 'ரிமோட் ப்ளே டுகெதர்' என்ற வழி இருக்கிறது, ஒருவரிடம் கேம் இருந்தால் போதும், ஆனால் அவருடைய இணைப்பில் அப்லோடு வேகம் நன்றாக இருந்தால்தான் படம் விக்காமல் வரும்.

ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை மீன்பிடித் தடைக்காலம், பள்ளி விடுமுறையும் அதற்குள்ளேயே வருகிறது. விசைப்படகுக்குப் போகிற அப்பாக்களும் வீட்டில் இருக்கும் நேரம் அது. இரண்டாவது கன்ட்ரோலர் ஒன்று வாங்குவதாக இருந்தால் அதற்கு முன்பே வாங்கிவிடுங்கள். கம்ப்யூட்டருக்கு என்றால் எக்ஸ்பாக்ஸ் வகைக் கன்ட்ரோலராகப் பார்த்து வாங்குங்கள். விலை மலிவான மற்றதில் பொத்தான்கள் இடம் மாறி வேலைசெய்யும், பிள்ளை கேமைக் குறைசொல்லிக்கொண்டிருக்கும்.

அப்புறம் ஆங்கிலம். இந்தக் கேம்களில் தமிழ் கிடையாது. ஆனால் 2012-ல் வந்த 'லெகோ பேட்மேன் 2'-க்கு முந்தைய சாகசக் கேம்களில் பாத்திரங்கள் பேசவே மாட்டார்கள், முக்கல் முனகலும் சைகையும்தான். முதல் ஸ்டார் வார்ஸ் கேம்கள், இண்டியானா ஜோன்ஸ், முதல் பேட்மேன், இரண்டு ஹாரி பாட்டர், பைரேட்ஸ் எல்லாம் இப்படி. ஆங்கிலம் தட்டுத்தடுமாறிப் படிக்கிற எட்டு வயதுப் பிள்ளைக்கு இவைதான் சரி. 'லெகோ சிட்டி அண்டர்கவர்' அருமையான கேம்தான், ஆனால் அதில் சிரிப்பெல்லாம் ஆங்கில வசனத்தில் இருக்கிறது.

3. கட்டவா, ஓடவா

வகையைத் தீர்மானிக்கிற கேள்வி இது ஒன்றுதான். பிள்ளையிடம் நேராகக் கேட்டால் எல்லாவற்றுக்கும் ஆமாம் என்று சொல்லும். அதனால் யூடியூபில் இரண்டு கேம்ப்ளே வீடியோக்களைச் சத்தமில்லாமல் பத்துப் பத்து நிமிடம் போட்டுக் காட்டுங்கள், ஒன்று சாகச வகை, இன்னொன்று கட்டுகிற வகை. எதைப் பார்க்கும்போது "இதை எப்படிச் செய்தான்?" என்று கேள்வி வருகிறதோ அதுதான் அதற்கான வகை. டிரெய்லரைக் காட்டாதீர்கள். டிரெய்லரில் எல்லா லெகோ கேமும் ஒன்றுபோலவே இருக்கும்.

ஓடுகிற பிள்ளைக்குக் கீழே உள்ள 4, 7, 8-ஆம் பகுதிகள். கட்டுகிற பிள்ளைக்கு 5, 6, 10-ஆம் பகுதிகள்.

4. ஆக்‌ஷன் அட்வென்ச்சர்: முதலில் கதையை முடியுங்கள்

கடைகளில் அதிகம் கிடைப்பது இதுதான். எதிரில் இருப்பதை உடைக்க வேண்டும், சிதறுகிற ஸ்டட்களை, அதாவது கேமுக்குள் காசாக உதவும் குட்டி வட்டக் கட்டைகளை, பொறுக்க வேண்டும், துள்ளிக்கொண்டிருக்கும் கட்டைக் குவியலின் பக்கத்தில் பொத்தானை அழுத்திப் பிடித்தால் அது தானாக ஏதோ ஒன்றாகக் கூடும், அதை வைத்து அடுத்த கதவைத் திறக்க வேண்டும்.

புதியவர்கள் செய்கிற பெரிய தவறு, முதல் தடவையிலேயே ஒரு லெவலில் எல்லாவற்றையும் எடுக்கப் பார்ப்பது. முடியாது. கதையாக ஆடும்போது கொடுக்கப்படும் பாத்திரங்களுக்கு எல்லாத் திறமையும் இருக்காது. பளபளக்கும் ஒரு சுவர் இருக்கும், அதை வெடிவைக்கிற ஆள்தான் உடைக்க முடியும், அந்த ஆள் நாலு லெவல் தள்ளித்தான் கிடைப்பார். அந்தச் சுவரை அரை மணி நேரம் அடித்துக்கொண்டிருக்கிற பிள்ளைகளைப் பார்த்தால் பாவமாக இருக்கும். கதையை நேராக முடித்துவிட்டு, அப்புறம் 'ஃப்ரீ ப்ளே' முறையில் திரும்பி வந்தால் வேண்டிய பாத்திரத்துக்கு மாறி மாறி ஆடலாம். மினிகிட் என்கிற ஒளிந்திருக்கும் பொருட்களைத் தேடுவதெல்லாம் அப்போதுதான்.

உயிர் போனால் பயப்பட ஒன்றுமில்லை. பாத்திரம் அங்கேயே மறுபடி வந்துவிடும், கொஞ்சம் ஸ்டட் மட்டும் கீழே கொட்டும், ஓடிப்போய்ப் பொறுக்கிக்கொள்ளலாம். வெள்ளி ஸ்டட் 10, தங்கம் 100, நீலம் 1,000, ஊதா 10,000. நீலத்தையும் ஊதாவையும் விட்டுவிட்டு வெள்ளியைத் துரத்துவது எல்லோரும் செய்கிற வேலை.

கிடைத்த ஸ்டட்டை உடனே பாத்திரம் வாங்குவதில் கொட்டாதீர்கள். பழைய கேம்களில் சிவப்புக் கட்டை என்று ஒன்று ஒளிந்திருக்கும், அதைக் கண்டெடுத்தால் ஸ்டட்டை இரண்டு மடங்காக்கும் வசதியை விலைக்கு வாங்கலாம். முதல் பெரிய செலவு அதுவாக இருக்கட்டும். பின்னால் 4, 6, 8, 10 மடங்கு வரும்போது அவை ஒன்றோடொன்று பெருகி மொத்தம் 3,840 மடங்காகும், அதன் பிறகு கடையையே வாங்கிவிடலாம்.

இரண்டு பேர் ஆடும்போது சண்டை வருவது இரண்டு காரணத்தால். ஒன்று, ஒருவரை ஒருவர் அடிக்க முடியும், அண்ணன் தம்பி இருக்கும் வீட்டில் முதல் அரை மணி நேரம் அதுதான் விளையாட்டு. விட்டுவிடுங்கள். இன்னொன்று கேமரா. 2009-ல் வந்த 'இண்டியானா ஜோன்ஸ் 2'-க்கு முந்தையவற்றில் இருவருக்கும் ஒரே திரை, ஒருவன் இடப்பக்கம் போக இன்னொருவன் வலப்பக்கம் இழுத்தால் இருவரும் நகர முடியாது. அதற்குப் பிந்தையவற்றில் தூரம் போனால் திரை இரண்டாகப் பிரியும். சொல்பேச்சுக் கேட்காத பிள்ளைகளுக்குப் பிந்தையதை வாங்குங்கள், வேறு வழியில்லை.

கரண்ட் போவதையும் கணக்கில் வையுங்கள். லெவலுக்கு நடுவில் கம்ப்யூட்டர் அணைந்தால் பழைய கேம்களில் அந்த லெவலை மறுபடி முதலிலிருந்து ஆட வேண்டும். வடகிழக்குப் பருவமழை மாதங்களில் லேப்டாப்பில் ஆடுவதே நல்லது, டெஸ்க்டாப் என்றால் யுபிஎஸ் வேண்டும்.

இதே வகையில் நகரம் முழுக்கச் சுற்றித் திரியும்படி விரிந்தது 'சிட்டி அண்டர்கவர்'. அதிலும் கதையை முதலில் முடிக்க வேண்டும், ஏனென்றால் உடைகள் ஒவ்வொன்றாகத்தான் கிடைக்கும், உடை இல்லாமல் பாதிக் கதவு திறக்காது.

5. கட்டுமானப் புதிர்: பாலத்தை உடையவிடுங்கள்

என்னைக் கேட்டால், கட்ட ஆசைப்படுகிற பிள்ளைக்கு முதலில் வாங்க வேண்டியது 2022-ல் வந்த 'லெகோ பிரிக்டேல்ஸ்'. ஃபோனிலும் கிடைக்கிறது. காட்டில் தொடங்கிப் பாலைவனம், நகரம், கோட்டை, கரீபியன் தீவு என்று போகும். ஒவ்வொரு இடத்திலும் கொஞ்சம் கட்டைகளைக் கொடுத்து, இதைக் கட்டு என்பார்கள். கட்டியதன் மேல் எடை ஏறும். தாங்கினால் வழி திறக்கும், தாங்காவிட்டால் கண்முன்னாலேயே சரியும்.

முதல் படி, கட்டத் தொடங்கும் முன் கேமராவை முழுதாக ஒரு சுற்றுச் சுற்றிப் பாருங்கள். எங்கெங்கே ஊன்ற இடம் இருக்கிறது என்பது ஒரு பக்கத்திலிருந்து பார்த்தால் தெரியாது. இதைச் செய்யாதவர்கள்தான் கட்டை போதவில்லை என்பார்கள்.

இரண்டாவது, மூட்டுகளை ஒரே நேர்கோட்டில் விடாதீர்கள். கொத்தனார் செங்கல்லை மூட்டு மேல் மூட்டு வராமல் மாற்றி மாற்றி வைப்பது எதற்காகவோ அதற்காகத்தான். பிள்ளைகள் இரண்டு நீளக் கட்டையை முனையோடு முனை வைத்துவிட்டு, ஒட்டிக்கொண்டது என்று நினைப்பார்கள். பக்கவாட்டில் கட்டைகள் ஒட்டாது, மேலே அல்லது கீழே இன்னொரு கட்டை இரண்டையும் சேர்த்துப் பிடிக்க வேண்டும். பாதிப் பாலம் விழுவது இதனால்தான்.

மூன்றாவது, இடையில் ஊன்ற இடம் இருந்தால் ஊன்றிவிடுங்கள், ஒரே தாண்டாகத் தாண்டப் பார்க்காதீர்கள். பாம்பனைப் பார்த்து வளர்கிற பிள்ளைக்கு இதைச் சொல்லிப் புரியவைப்பது சுலபம். 2025 ஏப்ரலில் திறந்த புதிய ரயில் பாலத்தில் 100 கண்கள், அதாவது தூணுக்குத் தூண் தாண்டும் பகுதிகள். அதில் 99 கண்கள் 18.3 மீட்டர்தான். கப்பல் போக மேலே தூக்குகிற ஒரே ஒரு கண்தான் 72.5 மீட்டர், அதற்காகவே இரண்டு பக்கமும் கோபுரமும் எதிர் எடையும் வைத்திருக்கிறார்கள். நீளமாகத் தாண்ட வேண்டிய இடத்தில் மட்டும் செலவு செய்கிறார்கள், மற்ற இடமெல்லாம் குட்டிக் குட்டிக் கண்.

நான்காவது, முழுதும் கட்டி முடித்த பிறகு சோதிக்காதீர்கள். பாதியிலேயே சோதனைப் பொத்தானை அழுத்தி, கேமில் கூடவே வரும் ரோபோவை நடக்கவிட்டு, எங்கே முறிகிறது என்று பார்த்து அந்த இடத்தை மட்டும் மாற்றுங்கள். விழுந்ததும் எல்லாவற்றையும் கலைத்துவிட்டு மறுபடி தொடங்குகிற பிள்ளைக்கு எது தவறு என்று கடைசிவரை தெரியாது.

அழகு பார்ப்பது கடைசியில். புதிரை முடித்த பிறகு அதே இடத்தில் விருப்பம்போலக் கட்டும் முறை திறக்கும்.

எடை, முறிவு எல்லாம் இல்லாமல் அமைதியாக ஒன்று வேண்டுமென்றால் 'பில்டர்ஸ் ஜர்னி'. வசனமே கிடையாது. ஆனால் சின்னக் கேம், விலை குறையும்போது வாங்கலாம்.

6. சாண்ட்பாக்ஸ் (விருப்பம்போலக் கட்டும் வகை): கருவி கிடைக்கும் வரை பொறுமை

2017-ல் வந்த 'லெகோ வேர்ல்ட்ஸ்'-ஐத் திறந்ததும் கட்டலாம் என்று எதிர்பார்த்து, கட்ட வழியே தெரியாமல் மூடிவிடுகிறவர்கள் நிறைய. காரணம், கண்டுபிடிப்புக் கருவி, நில வடிவக் கருவி, நகல் கருவி, வர்ணக் கருவி, கட்டும் கருவி எல்லாம் முதல் சில உலகங்களில் சின்னச் சின்ன வேலைகளை முடித்தால்தான் ஒவ்வொன்றாகக் கிடைக்கும். அவற்றை அவசரப்படாமல் முடியுங்கள்.

அடுத்தது ஸ்கேன். எதைப் பார்த்தாலும் கண்டுபிடிப்புக் கருவியால் ஸ்கேன் செய்து, ஸ்டட் கொடுத்துத் திறந்துகொண்டால்தான் பின்னால் அதை வைக்க முடியும். தென்னை வேண்டும் என்றால் முதலில் ஒரு தென்னையைப் பார்த்திருக்க வேண்டும்.

சொந்த உலகத்தை உருவாக்க 100 தங்கக் கட்டை சேர்க்க வேண்டும். அவ்வளவு பொறுமை இல்லாத வீட்டில் எல்லாம் திறந்த நிலையில் இருக்கும் சாண்ட்பாக்ஸ் முறையை நேராகத் தொடங்கிவிடலாம், ஆனால் தேடி எடுக்கிற சுவை போய்விடும். ஆறேழு வயதுக்கு அது பரவாயில்லை, பத்து வயதுக்கு மேல் என்றால் வேண்டாம் என்பேன்.

7. சர்வைவல்: இலவசம், ஆனால் எப்போதும் இணையம்

'லெகோ ஃபோர்ட்நைட் ஒடிஸி' பணம் கொடுக்காமல் விளையாடலாம், 2023 டிசம்பரில் வந்தது. மரம் வெட்டி, கல் உடைத்து, பசிக்குத் தின்று, குளிருக்குத் தீ மூட்டி, ஊர் அமைக்க வேண்டும். இணையம் அறுந்தால் ஆட்டமும் அறுந்துவிடும், எனவே டவர் சரியாக எடுக்காத வீட்டில் தொடங்கவே வேண்டாம்.

கணக்குத் தொடங்கும்போது பிள்ளையின் உண்மையான பிறந்த தேதியைப் போடுங்கள். வயதைக் கூட்டிப் போட்டால் அந்நியரோடு பேசுவதும் பணம் கட்டி வாங்குவதும் திறந்தே இருக்கும். உண்மை வயது போட்டால் பெற்றோர் அனுமதி தரும் வரை அவை பூட்டியிருக்கும். கட்டண விவரத்தைச் சேமித்து வைக்காதீர்கள், கேம் இலவசம், உள்ளே இருக்கும் உடைகள் இலவசமில்லை.

உள்ளே நுழைந்ததும் முதல் பகலில் மரமும் கல்லும் சேர்த்து, இருட்டும் முன் தீயும் ஒரு குடிசையும் முடித்துவிட வேண்டும். புதியவர்கள் மலையைப் பார்த்ததும் ஏறப் போய்விடுவார்கள், இரவில் குளிரில் செத்து, வைத்திருந்ததையெல்லாம் அங்கேயே போட்டுவிட்டு வருவார்கள். செத்த இடத்துக்குத் திரும்பிப் போனால் எடுத்துக்கொள்ளலாம், ஆனால் அதே குளிர் அங்கேயே இருக்கும்.

8. ரேசிங், பார்ட்டி

'லெகோ 2கே டிரைவ்' ரேஸ். கட்டைக் கட்டையாக வண்டி கட்டும் கராஜும் உண்டு, அதனால் ஓடுகிற பிள்ளையும் கட்டுகிற பிள்ளையும் ஒரே வீட்டில் இருந்தால் ஒத்துவரும். உள்ளே கடை இருக்கிறது, ஜாக்கிரதை. 2025-ல் வந்த 'லெகோ பார்ட்டி' நாலு பேர் உட்கார்ந்து சின்னச் சின்னப் போட்டிகள் ஆடுவதற்கு. பெருநாளுக்கும் பொங்கலுக்கும் உறவுக்காரப் பிள்ளைகள் கூடும்போது எடுபடும், தனியாக ஆட ஒன்றுமில்லை. இரண்டே பேர் என்றால் அதே ஆண்டு வந்த 'லெகோ வாயேஜர்ஸ்'. அதில் பேச்சே இல்லை, ஒருவர் வாங்கினால் தூரத்தில் இருக்கும் நண்பரும் இலவசமாகச் சேரலாம்.

9. பொம்மை வைத்து ஆடும் வகை: செகண்ட் ஹேண்டில் கவனம்

2015-ல் வந்த 'லெகோ டைமென்ஷன்ஸ்' புதிதாக வருவது 2017-லேயே நின்றுவிட்டது, ஆனால் வளைகுடாவிலிருந்து வரும் பெட்டிகளில் இன்னும் எட்டிப் பார்க்கிறது. இதற்கு யுஎஸ்பியில் மாட்டும் பொம்மை மேடை கட்டாயம், வெறும் டிஸ்க்கால் பயனில்லை. எக்ஸ்பாக்ஸ் மேடை பிளேஸ்டேஷனில் வேலைசெய்யாது. பொம்மையைவிட அதன் கீழே இருக்கும் வட்டத் தட்டுதான் முக்கியம், சிப் இருப்பது அதற்குள்தான். தட்டு இல்லாத பேட்மேன் வெறும் பொம்மை.

10. கேமே வேண்டாம், கட்டினால் போதும் என்றால்

லெகோ கட்டைகள் விற்கும் பிரிக்லிங்க் தளத்தின் 'ஸ்டூடியோ' மென்பொருள் கம்ப்யூட்டருக்கு இலவசம். ஓட்டமில்லை, மதிப்பெண் இல்லை, கட்டைகள் மட்டும்.

முதலில் அளவு விகிதத்தை முடிவு செய்யுங்கள். பாம்பன் தூக்குக் கண்ணைக் கட்ட ஆசை என்று வைத்துக்கொள்வோம். லெகோ கட்டையின் மேலே துருத்தி நிற்கும் ஒரு புள்ளிக்கும் அடுத்த புள்ளிக்கும் இடையே 8 மில்லிமீட்டர். லெகோ பொம்மை நிற்கிற அளவுக்கு, அதாவது சுமார் 40-ல் ஒரு பங்காகக் கட்டினால் 72.5 மீட்டர் என்பது சுமார் 227 புள்ளி, கண்ணைக் கட்டவே பல வாரம் ஆகும். 200-ல் ஒரு பங்கு என்றால் 45 புள்ளி, பக்கத்துக் கண் 11 புள்ளி, 17 மீட்டர் தூக்கும் உயரம் ஏறக்குறைய 9 கட்டை. இது முடிகிற வேலை. விகிதம் போடாமல் கட்டத் தொடங்கினால் தூண் பெரிதாகவும் பாலம் குட்டையாகவும்தான் வரும்.

கட்டையையும் வர்ணத்தையும் கண்டபடி சேர்க்காதீர்கள். திரையில் இருக்கிற எல்லாச் சேர்க்கையும் உண்மையில் தயாரிக்கப்பட்டதில்லை. பின்னால் நிஜக் கட்டையில் கட்ட ஆசை வந்தால் மாட்டிக்கொள்வீர்கள். பிடிமானம் சரிபார்க்கும் வசதியும் உள்ளேயே இருக்கிறது, ஒவ்வொரு அடுக்குக்கும் ஒருமுறை பார்த்துவிடுங்கள்.

11. பணம் கட்டும் முன்

லெகோ கேம்களுக்கு ஸ்டீமில் அடிக்கடி பெரிய தள்ளுபடி வரும். புதிதாக வந்த அன்றே முழு விலை கொடுக்க எந்த அவசரமும் இல்லை. வாங்கியது ஒத்துவராவிட்டால் 14 நாளுக்குள், 2 மணி நேரத்துக்கும் குறைவாக ஆடியிருந்தால் பணத்தைத் திரும்பக் கேட்கலாம். அதனால் முதல் நாளே உட்காருங்கள்: கன்ட்ரோலர் பிடிக்கிறதா, படம் விக்குகிறதா, இரண்டாவது ஆள் சேர முடிகிறதா என்று முதல் அரை மணி நேரத்தில் பார்த்துவிட்டு, அப்புறம் பிள்ளையிடம் கொடுங்கள். சாப்பிடப் போகும்போது கேமைத் திறந்தே விட்டுவிட்டுப் போகாதீர்கள், சும்மா நிற்கிற நேரமும் அந்த 2 மணியில்தான் சேரும்.